‘அப்பா’ என்று கூப்பிடும் காட்சியோடு முடிந்துவிடுமா குடும்பம்?

போன மாத இதழில், மறுமணம் செய்துகொண்டவர்களின் வீடுகளை நம் சினிமா எப்படிக் காட்டுகிறது என்று நாலு வரி எழுதியிருந்தேன். அதற்கு வந்த கடிதங்களே இந்த மாதப் பகுதியை நிரப்பிவிட்டன. பலர் பெயர் போட வேண்டாம் என்று கேட்டிருந்தார்கள். அதனால் யார் பெயரையும் போடவில்லை, ஊர் மட்டும்தான்.

கேள்வி: டீச்சர், ‘நம் படங்களில் இரண்டாவது குடும்பம் அமைய வேண்டுமென்றால் யாராவது ஒருவர் செத்தாக வேண்டும்’ என்று எழுதியிருந்தீர்கள். இது கொஞ்சம் கடுமையாக இல்லையா? (ஒரு வாசகர், ஈரோடு)

பதில்: கடுமைதான். யோசித்துவிட்டுத்தான் எழுதினேன். 2000-இல் வந்த வசந்தின் ‘ரிதம்’ படத்தை எடுத்துக்கொள்ளுங்கள். அர்ஜுனும் மீனாவும் ஒரே ரயில் விபத்தில் துணையைப் பறிகொடுத்தவர்கள். மீனாவிடம் ஒரு சிறுவன் வளர்கிறான். 2015-இல் வந்த ‘என்னை அறிந்தால்’ படத்தில் த்ரிஷா விவாகரத்தானவர், பெண் குழந்தைக்குத் தாய். அஜித்துடன் கல்யாணம் கூடி வரும் நேரத்தில் அவரைக் கொன்றுவிடுகிறார்கள். அதன் பிறகு தனக்குப் பிறக்காத அந்தப் பெண்ணை அஜித் வளர்க்கிறார். இரண்டுமே எனக்குப் பிடித்த படங்கள். ‘என்னை அறிந்தால்’ படத்தில் அப்பாவும் மகளுமாக ஊர் ஊராகப் போகும் அந்தப் பாட்டை இன்றைக்கும் டிவியில் போட்டால் வேலையை விட்டுவிட்டு உட்கார்ந்துவிடுவேன்.

ஆனால் செத்தவர் கேள்வி கேட்க மாட்டார். சுவரில் படமாக, மாலையோடு, சிரித்தபடி இருப்பார். நான் பார்த்த பிள்ளைகளின் வீடுகள் அப்படி இல்லை. பெற்ற தகப்பன் உயிரோடு, அதே ஊரில், பஸ் ஸ்டாண்டுக்கு அந்தப் பக்கம் இருப்பார். கோர்ட் உத்தரவுப்படி ஞாயிற்றுக்கிழமை வந்து கூட்டிப் போவார். திங்கட்கிழமை காலையில் பிள்ளை என் முன்னால் நின்று, “டீச்சர், ஹோம்வொர்க் நோட்டு அந்த வீட்டில் இருக்கு” என்று சொல்லும். ‘அந்த வீடு’, ‘இந்த வீடு’ என்று ஒரு குழந்தை சர்வ சாதாரணமாகச் சொல்வதை நம் படங்களில் நான் அதிகம் கேட்டதில்லை.

அதைக் கேட்க வேண்டுமானால் ரிச்சர்ட் லிங்க்லேட்டரின் ‘பாய்ஹுட்’ (2014) பாருங்கள். அதே நடிகர்களை வைத்துப் 12 வருடம் கொஞ்சம் கொஞ்சமாக எடுத்த படம். ஆறு வயதுப் பையன் நம் கண் முன்னாலேயே கல்லூரிக்குப் போகும் அளவுக்கு வளர்கிறான். பெற்ற அப்பா வார இறுதியில் காரில் வந்து கூட்டிப் போகிறார். அம்மா மறுபடி கல்யாணம் செய்துகொள்கிறாள். புது அப்பா பையனின் நீள முடியை அவனைக் கேட்காமலே சலூனில் ஒட்ட வெட்ட வைத்துவிடுகிறார். அந்தக் காட்சியில் பையனின் முகத்தைப் பாருங்கள். கையை ஓங்காமலே ஒரு பெரியவர் ஒரு பிள்ளையை என்ன செய்துவிட முடியும் என்று புரியும்.

அந்த மனிதர் குடிகாரர். அம்மா தன் இரண்டு பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு வெளியேறுகிறாள். ஆனால் அந்த வீட்டில் அவருடைய முதல் கல்யாணத்துப் பிள்ளைகள் இரண்டு பேர் இருக்கிறார்கள். இவர்களோடு ஒன்றாக விளையாடி, ஒன்றாகத் தூங்கி வளர்ந்தவர்கள். அவர்கள் அங்கேயே நின்றுவிடுகிறார்கள். அதற்கப்புறம் படத்தில் அவர்கள் வருவதே இல்லை. அண்ணன் தங்கையாக இருந்தவர்கள் ஒரே மதியத்தில் யாரோவாகிவிடுகிறார்கள். இந்த இழப்பைச் சொல்ல ஒரு இயக்குநருக்குத் தோன்றியிருக்கிறதே என்று எனக்கு நன்றியாக இருந்தது.

கேள்வி: நான் பிளஸ் ஒன் படிக்கிறேன். எங்கள் அம்மா போன வருடம் மறுமணம் செய்துகொண்டார். அம்மாவைக் கட்டிக்கொண்டவர் நல்லவர், என்னிடம் சத்தம் போட்டதில்லை. ஆனால் பாட்டியும் பெரியம்மாவும் ‘அப்பா என்று கூப்பிடு’ என்று சொல்லிக்கொண்டே இருக்கிறார்கள். படங்களில் கடைசியில் எல்லாப் பிள்ளைகளும் கூப்பிட்டுவிடுகிறார்கள். எனக்கு வாயில் வரவில்லை. நான் கெட்டவளா, டீச்சர்? (ஒரு மாணவி, திண்டுக்கல்)

பதில்: இல்லை, கண்ணு. நீ கெட்டவள் இல்லை.

நீ சொல்கிற கடைசிக் காட்சி எனக்கும் தெரியும். பிள்ளை ஓடி வரும், இசை பெரிதாகும், அந்த வார்த்தை வரும், பெரியவர்கள் அழுவார்கள், படம் முடியும். அந்தக் காட்சியில் எனக்குக் குறை ஒன்று உண்டு. பெரியவர்கள் எடுத்த முடிவு சரியா தப்பா என்பதற்குத் தீர்ப்புச் சொல்லும் பொறுப்பைத் தூக்கி அந்தப் பிள்ளையின் தலையில் வைத்துவிடுகிறார்கள். அது கூப்பிட்டால் குடும்பம் ஜெயித்தது. கூப்பிடாவிட்டால்? பதினாறு வயதில் இந்தச் சுமை உனக்கு எதற்கு?

ஹிரோகாசு கோரே-எடா என்று ஒரு ஜப்பானிய இயக்குநர். அவருடைய ‘ஷாப்லிஃப்டர்ஸ்’ 2018-இல் கான் திரைப்பட விழாவின் பெரிய விருதான தங்கப் பனை வாங்கியது. டோக்கியோவில் ஒரு குட்டி வீடு. பாட்டி, ஒரு தம்பதி, ஒரு இளம்பெண், ஒரு பையன். யாருக்கும் யாரோடும் ரத்த உறவு கிடையாது. குளிரில் வெளியே விடப்பட்டிருந்த ஒரு சிறுமியையும் கூட்டி வந்து சேர்த்துக்கொள்கிறார்கள். அவள் கையில் பெற்றவர்கள் வைத்த சூட்டுத் தழும்பு. இவர்களும் உத்தமர்கள் இல்லை. கடைகளில் திருடுகிறார்கள், பையனுக்கும் திருடக் கற்றுக்கொடுக்கிறார்கள், பாட்டி செத்த பிறகு அதை மறைத்து அவள் பென்ஷனை எடுக்கிறார்கள். அந்த ஆளுக்குப் பையன் தன்னை அப்பா என்று கூப்பிட வேண்டும் என்று ஆசை. கேட்டும் பார்க்கிறான். பையனுக்கு வரவில்லை. சரி, அப்புறம் பார்க்கலாம் என்று விட்டுவிடுகிறான்.

எல்லாம் வெளியே தெரிந்து போலீஸ் பிடித்த பிறகு, விசாரிக்கிற பெண் அந்த வீட்டுப் பெண்ணிடம் கேட்கிறாள்: பிள்ளைகள் உங்களை என்ன சொல்லிக் கூப்பிட்டார்கள்? அவளால் பதில் சொல்ல முடியவில்லை. கண்ணீரைக் கையால் வழித்து வழித்து விடுகிறாள். சகுரா ஆண்டோ என்கிற நடிகை. கேமரா அவள் முகத்தை விட்டு நகராது. யாரும் அவளை அம்மா என்று கூப்பிட்டதில்லை. ஆனால் அந்தச் சிறுமிக்குச் சோறு போட்டது, குளிப்பாட்டியது, தழும்பைத் தடவிக் கொடுத்தது எல்லாம் நாம் பார்த்திருக்கிறோம். கடைசியில் பையன் பஸ்ஸில் ஏறிப் போகிறான். அந்த ஆள் பின்னாலேயே ஓடி வருகிறான். பஸ் தூரம் போன பிறகு, யாருக்கும் கேட்காத குரலில், பையன் அந்த வார்த்தையைச் சொல்கிறான். தனக்காக மட்டும் சொல்லிக்கொள்கிறான்.

உனக்கு வந்தால் ஒரு நாள் வரட்டும், வராவிட்டால் வேண்டாம். ‘அங்கிள்’ வருகிறதா, அதையே சொல். ஒன்றுமே சொல்லாமல் “இந்தாங்க, காபி” என்று டம்ளரை நீட்டினாலும் போதும். பாட்டியிடம் இந்தப் பக்கத்தைக் காட்டு. அம்மாவுக்கும் ஒரு வார்த்தை: உங்கள் பெண்ணுக்கு அவள் அப்பாவைப் பற்றிப் பேச ஆசையிருக்கலாம். அவர் பெயரை எடுத்தால் நீங்கள் வருத்தப்படுவீர்களோ என்று பயந்து அவள் வாயைத் திறக்காமல் இருக்கலாம். நீங்களே பேச்சை எடுங்கள்.

கேள்வி: நான் ஒரு சித்தி. என் கணவரின் முதல் தாரத்து மகனை ஐந்து வயதிலிருந்து வளர்க்கிறேன். சினிமாவில் சித்தி என்றால் ஒன்று சூடு வைக்கிற ராட்சசி, இல்லை தெய்வம். இரண்டுக்கும் நடுவில் ஒரு மனுஷி இருக்கவே கூடாதா? (ஒரு வாசகி, நாகர்கோவில்)

பதில்: உங்கள் கடிதத்தை இரண்டு முறை படித்தேன். நான் சித்தியிடம் வளர்ந்தவள்.

எங்கள் தெருவில் எல்லோரும் முதலில் என் தலையைத்தான் பார்ப்பார்கள். எண்ணெய் வைத்திருக்கிறதா, பின்னல் நேராக இருக்கிறதா, ரிப்பன் புதுசா. “பாவம், தாயில்லாப் பிள்ளை” என்று சித்தியின் காதுபடவே சொல்வார்கள். அதனால் சித்தி தன் வயிற்றுப் பிள்ளையை, அதாவது என் தம்பியை, எண்ணெய் வைக்காமலே பள்ளிக்கு அனுப்பிவிட்டு எனக்கு இறுக்கிப் பின்னிவிடுவாள். தம்பி தப்பு செய்தால் முதுகில் இரண்டு போடுவாள். நான் அதே தப்பைச் செய்தால் ஒன்றும் சொல்லாமல் உள்ளே போய்விடுவாள். தெரு கேட்டுக்கொண்டிருக்கிறதே! தம்பிக்கு என்மேல் பொறாமை. எனக்கு அவன்மேல் பொறாமை. என்னையும் ஒரு நாள் அப்படித் திட்டிவிட்டு, அரைமணி நேரம் கழித்துச் சாப்பிடக் கூப்பிட மாட்டாளா என்று இருக்கும். அடி வாங்குவது பெரிய விஷயம் என்று சொல்ல வரவில்லை, யாரும் பிள்ளைகளை அடிக்க வேண்டாம். நான் சொல்வது, கோபித்துக்கொள்ளும் உரிமைகூட அவளுக்கு இல்லாமல் போனது. ஊரார் கண்ணுக்கு நல்லவளாக நிரூபித்துக்கொண்டே இருக்க வேண்டியிருந்ததால், என்னோடு சாதாரணமாக இருக்க அவளுக்கு வழியே கிடைக்கவில்லை. நான் பார்த்த எந்தத் தமிழ்ப் படத்திலும் இது வந்ததில்லை.

‘சித்தி’ என்ற பெயரிலேயே 1966-இல் கே.எஸ்.கோபாலகிருஷ்ணன் ஒரு படம் எடுத்தார். தம்பியின் படிப்புக்காக, நிறையப் பிள்ளைகளுக்குத் தகப்பனான எம்.ஆர்.ராதாவுக்கு வாழ்க்கைப்படுகிறார் பத்மினி. கொடுமைக்காரச் சித்திகளையே பார்த்துப் பழகியவர்களுக்கு நடுவில் ஒரு நல்ல சித்தியைக் கொண்டு வந்து நிறுத்தியதற்காக அந்தப் படத்தை மதிக்கிறேன். ஆனால் அவளை நல்லவளாகக் காட்ட அவளுடைய சொந்த ஆசையை முழுதாகப் பலி கொடுக்க வேண்டியிருந்தது. தியாகம் செய்தால்தான் சித்திக்கு மன்னிப்பு என்கிற கணக்கு அங்கே தொடங்கியது, இன்னும் முழுதாகத் தீரவில்லை.

நீங்கள் கேட்கும் அந்த நடுவிலிருக்கும் மனுஷி ஒரு பிரெஞ்சுப் படத்தில் இருக்கிறாள். ரெபெக்கா ஸ்லோடோவ்ஸ்கி இயக்கிய ‘அதர் பீப்பிள்ஸ் சில்ட்ரன்’, 2022. நாற்பது வயதுப் பள்ளி ஆசிரியை, தனியாக வாழ்கிறவள். அவள் நேசிக்கிற ஆணுக்கு நாலு வயதில் ஒரு மகள். குழந்தையின் தாய் வில்லி இல்லை, நல்ல பெண். இவளும் குழந்தையும் மெல்ல மெல்ல நெருங்குகிறார்கள். வகுப்பு முடிந்ததும் காத்திருந்து கூட்டி வருகிறாள். ராத்திரி தூங்க வைக்கிறாள். அப்புறம் அந்த ஆணோடு உறவு முறிகிறது. அவன் போனால் குழந்தையும் போயிற்று. எந்தச் சட்டத்திலும் எந்தச் சடங்கிலும் அவளுக்கு ஒரு பெயர் இல்லை. பிள்ளையைப் பிரிந்த துக்கத்தை யாரிடம் போய்ச் சொல்வாள்? ‘உன் பிள்ளையா அது?’ என்று கேட்டுவிடுவார்களே. விர்ஜினி எஃபிரா அந்த வேடத்தைச் செய்திருக்கிறார். எனக்கு என் சித்தி ஞாபகமாகவே இருந்தது.

உங்கள் பையனுக்கு இப்போது என்ன வயது என்று எழுதவில்லை. அவன்மேல் கோபம் வந்தால் கோபித்துக்கொள்ளுங்கள். தெரு என்ன சொன்னாலும்.

கேள்வி: ‘கும்பளங்கி நைட்ஸ்’ படத்தை எல்லோரும் தலையில் வைத்துக் கொண்டாடுகிறார்கள். அண்ணன் தம்பி சண்டை போடுகிறார்கள், மீன் பிடிக்கிறார்கள். அப்படி என்ன இருக்கிறது அதில்? (ஒரு வாசகர், சென்னை)

பதில்: நீங்கள் சொன்ன சண்டையிலிருந்தே தொடங்கலாம். 2019-இல் மது சி. நாராயணன் இயக்கி, ஸ்யாம் புஷ்கரன் எழுதிய மலையாளப் படம். கொச்சிக்குப் பக்கத்தில் காயலோரக் கிராமம் கும்பளங்கி. நாலு சகோதரர்கள். மூத்தவன் சஜி அப்பாவின் முதல் தாரத்துக்குப் பிறந்தவன். போனி அம்மா கூட்டி வந்த பிள்ளை. பாபியும் பிராங்கியும் அந்த இருவருக்கும் சேர்ந்து பிறந்தவர்கள். அப்பா செத்துவிட்டார். அம்மா கடவுள் ஊழியம் என்று வீட்டை விட்டுப் போய்விட்டாள். பூசாத, கதவில்லாத ஒரு வீட்டில் நாலு ஆண்கள், சமைக்க ஆளில்லாமல், ஒருவரை ஒருவர் மதிக்காமல் கிடக்கிறார்கள். இப்படி வேறு வேறு பெற்றோரின் பிள்ளைகள் சேர்ந்த குடும்பம் என்றால் கட்டிப்பிடித்துப் பாட்டுப் பாடுகிற குடும்பம் என்று காட்டாமல், ஒட்டாமல் கிடக்கும் நாலு பேரோடு படம் தொடங்குகிறது. அதுதான் முதல் நேர்மை.

ஊரில் இன்னொரு வீடு இருக்கிறது. சுத்தமான வீடு, திரைச்சீலை, சாப்பாட்டு மேஜை. அங்கே வீட்டோடு மாப்பிள்ளையாக வந்த ஷம்மி, அதாவது ஃபகத் ஃபாசில், மெல்ல மெல்லக் குடும்பத் தலைவர் நாற்காலியைப் பிடிக்கிறான். கண்ணாடி முன் நின்று மீசையைத் தடவி, தன்னை ஒரு முழுமையான ஆண் என்று சொல்லிக்கொள்கிறான். ஒழுங்கான வீடு எது, ஒழுங்கில்லாத வீடு எது என்று பார்க்கிறவனை யோசிக்க வைத்துக்கொண்டே போகிறது படம். ஷம்மி அந்தச் சகோதரர்களைப் பற்றிப் பேசும்போது, பல அப்பனுக்குப் பிறந்தவர்கள் என்ற பழைய வசவை எடுக்கிறான். பாபியைக் காதலிக்கும் பேபி, யாராலும் பல அப்பனுக்குப் பிறக்க முடியாது, அறிவியல்படி அது நடக்காது என்று நிதானமாகப் பதில் சொல்கிறாள். எத்தனையோ பிள்ளைகளைப் பள்ளிக்கூட மைதானத்தில் அழ வைத்த வசவு அது. தியேட்டரில் அந்த இடத்தில் கைதட்டினேன்.

நமக்கு இதில் ஒரு நேரடிச் சம்பந்தமும் உண்டு. ஊரில் இஸ்திரி போட்டுப் பிழைக்கிற தமிழர் (ரமேஷ் திலக்), தற்கொலைக்கு முயன்ற சஜியைக் காப்பாற்றப் போய்த் தன் உயிரை விடுகிறார். அவர் மனைவி சதி, நிறைமாதக் கர்ப்பிணி. நம் ஷீலா ராஜ்குமார் நடித்தது. அவளைச் சஜி தன் வீட்டுக்குக் கூட்டி வருகிறான். கல்யாணமா, காதலா, கடனா, பாவத்துக்குப் பரிகாரமா? படம் பெயர் வைக்கவில்லை. ஒரு பெண்ணும் அவள் பெற்ற குழந்தையும் அந்த வீட்டில் வந்து தங்குகிறார்கள். அந்தக் குழந்தைக்கு நாலு மாமாக்கள், இல்லை, நாலு அப்பாக்கள், என்ன வேண்டுமானாலும் சொல்லிக்கொள்ளுங்கள்.

அதற்கு முன்னால் சஜி தன் கடைசித் தம்பியிடம், எனக்கு மனசு கைவிட்டுப் போகிறது, என்னை டாக்டரிடம் கூட்டிப் போவாயா என்று கேட்கிறான். வளர்ந்த அண்ணன் சின்னப் பையனிடம் கேட்கிறான். டாக்டரின் மார்பில் சாய்ந்து அழுகிறான். இப்படி ஒரு வீட்டில் வாழ்வதற்கு உதவி கேட்கத் தெரிய வேண்டும். அதைச் சொல்லித் தந்த படம் என்பதால்தான் நானும் தலையில் வைத்துக்கொண்டாடுகிறேன். இன்னொரு முறை பாருங்கள், சஜியாக நடித்த சௌபின் ஷாஹிரின் முகத்துக்காகவாவது.

கேள்வி: இதெல்லாம் வெளிநாட்டு மோகம். நம் பண்பாட்டில் இப்படிப்பட்ட குடும்பங்கள் உண்டா? இயக்குநர்கள் வலிந்து திணிக்கிறார்கள். (ஓய்வுபெற்ற ஊழியர், திருச்சி)

பதில்: உண்டு, ஐயா. உங்கள் தாத்தா காலத்துக் குடும்பத்தையே விசாரித்துப் பாருங்கள். பிரசவத்தில் தாய் போய், தங்கையைக் கட்டி வைத்த வீடு எத்தனை. அத்தை வீட்டில் வளர்ந்த பிள்ளை, பெரியப்பாவுக்குச் சுவீகாரம் போன பிள்ளை, பிள்ளை இல்லாத சித்தியிடமே இருந்துவிட்ட பிள்ளை எத்தனை. அவற்றையெல்லாம் ஒன்றும் சொல்லாமல் நாம் குடும்பம் என்றுதான் சொன்னோம்.

சினிமாவிலும் புதிது இல்லை. 1977-இல் கே.பாலசந்தர் ‘அவர்கள்’ எடுத்தார். கொடுமைக்காரக் கணவனை விட்டு வந்து கைக்குழந்தையோடு வேலைக்குப் போகும் சுஜாதா. அந்தக் கணவனின் தாயே மருமகள் வீட்டுக்கு வேலைக்காரியாக வந்து குழந்தையைப் பார்த்துக்கொள்கிறாள். கடைசியில் சுஜாதா எந்த ஆணையும் தேர்ந்தெடுக்கவில்லை. மாமியாரும் மருமகளும் குழந்தையும் ஒரு குடும்பமாக ரயில் ஏறுகிறார்கள். ரஜினியும் கமலும் இருக்கிற படத்தில் 47 வருடத்துக்கும் முன்னால் இப்படி ஒரு முடிவு.

கேள்வி: ‘சூப்பர் டீலக்ஸ்’, ‘பேரன்பு’ இரண்டிலும் திருநங்கை ஒருவர் குடும்பத்தின் பகுதியாக வருகிறார். இரண்டில் எது உங்களுக்குப் பிடித்தது? (ஒரு வாசகி, மதுரை)

பதில்: இரண்டும் 2019-இல் திரைக்கு வந்தன. ‘சூப்பர் டீலக்ஸ்’ படத்தில் எனக்குப் பிடித்தது அந்தப் பையன், ராசுக்குட்டி. ஏழு வருடம் காணாமல் போன அப்பா புடவை கட்டி ஷில்பாவாக வந்து காரிலிருந்து இறங்குகிறார். வீடு முழுக்க உறைந்து நிற்கிறது. பையனுக்கு அது ஒரு பொருட்டே இல்லை. அப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டு பள்ளிக்குக் கூட்டிப் போகிறான். அவன் கோபப்படுவது ஒரே விஷயத்துக்குத்தான்: எப்படி வேண்டுமானாலும் இரு, ஏன் எங்களை விட்டுப் போனாய்? விஜய் சேதுபதிக்கு ஷில்பா வேடத்துக்காகத் தேசிய விருது கிடைத்தது. ஆனால் ஷில்பா குழந்தைகளைப் பிச்சையெடுக்கும் கும்பலிடம் கொடுத்ததாக வரும் கதைப் பகுதியைத் திருநங்கைகள் பலர் கடுமையாகக் கண்டித்தார்கள். அவர்கள் கண்டனம் நியாயமானது. ஏற்கெனவே ஊர் சந்தேகத்தோடு பார்க்கிறவர்கள்மேல் இன்னொரு பழியை ஏற்ற வேண்டியதில்லை.

ராமின் ‘பேரன்பு’ எனக்கு இன்னும் நெருக்கம். மூளை முடக்குவாதம் உள்ள மகளைத் தனியாக வளர்க்கும் மம்மூட்டி. பருவம் அடைந்த பெண்ணின் உடலை ஒரு தகப்பன் எப்படிக் கவனித்துக்கொள்வது என்கிற, யாரும் பேசத் துணியாத விஷயத்தைப் படம் பேசுகிறது. எல்லா வழியும் அடைபட்டு மகளோடு கடலில் இறங்குகிறவரைக் கரைக்கு இழுத்து வருகிறவர் மீரா. அஞ்சலி அமீர் நடித்தார், அவரே திருநங்கை. பிறகு மூவரும் ஒரு வீடாகிறார்கள். குடும்பத்தால் வெளியே தள்ளப்பட்டு, தாய் மகள் என்று தங்களுக்குள் உறவு கட்டி வாழப் பழகிய ஒரு சமூகத்தைச் சேர்ந்தவருக்கு, இன்னொருவர் பிள்ளையைத் தன் பிள்ளையாக்கிக்கொள்வது எப்படி என்று தெரியாமலா இருக்கும்?

கேள்வி: என் முதல் கணவர் இறந்துவிட்டார். மறுமணத்துக்குப் பின் மகனுக்கு இப்போதைய கணவரின் பெயரையே இனிஷியலாக வைக்க விரும்புகிறோம். முதல் கணவர் வீட்டார் எதிர்க்கிறார்கள். சினிமாவில் இதெல்லாம் ஒரு காட்சியில் முடிந்துவிடுகிறது. நிஜத்தில் என்ன வழி? (ஒரு வாசகி, கோவை)

பதில்: ஆசிரியையாக இருந்தபோது ஒவ்வொரு ஜூன் மாதமும் சேர்க்கைப் படிவத்தில் ‘தந்தை பெயர்’ என்ற கட்டத்துக்கு முன்னால் பேனா தயங்கி நிற்பதைப் பார்த்திருக்கிறேன். இதை யாராவது படமாக எடுக்கலாம்.

உங்கள் நிலைமை ஏறக்குறைய அப்படியே உச்ச நீதிமன்றம் வரை போயிருக்கிறது. 2022 ஜூலையில் தீர்ப்பு. கணவர் இறந்த பின் மறுமணம் செய்த ஒரு தாய். பிள்ளைக்கு இறந்தவரின் குடும்பப் பெயரைத்தான் வைக்க வேண்டும், புதுக் கணவரை ஆவணத்தில் ‘வளர்ப்புத் தந்தை’ என்றுதான் குறிக்க வேண்டும் என்று உயர் நீதிமன்றம் சொல்லியிருந்தது. பிள்ளையின் மனநலத்தை எண்ணிப் பார்க்காத, கொடுமைக்குச் சமமான உத்தரவு என்று சொல்லி உச்ச நீதிமன்றம் அதை நீக்கியது. தந்தை இல்லாத நிலையில் இயற்கைப் பாதுகாவலரான தாய்க்கே பிள்ளையின் குடும்பப் பெயரை முடிவு செய்யும் உரிமை என்றது.

அடுத்த மாதமே இன்னொரு தீர்ப்பு. சண்டிகரில் ஒரு செவிலியர். கணவருக்கு முதல் தாரத்தில் இரண்டு பிள்ளைகள். அவர்களுக்காகக் குழந்தைப் பராமரிப்பு விடுப்பு எடுத்திருந்தார். தனக்கு முதல் குழந்தை பிறந்தபோது, ஏற்கெனவே இரண்டு இருக்கிறதே என்று பிரசவ விடுப்பை மறுத்துவிட்டார்கள். உச்ச நீதிமன்றம் விடுப்பைக் கொடுக்கச் சொன்னது. மறுமணம், தத்து, தனித்து வாழும் பெற்றோர், திருமணமில்லாத இணைவு, தன்பாலின இணைவு என்று குடும்பம் பல வடிவில் இருக்கும், அவற்றுக்கும் சட்டத்தின் பாதுகாப்பு உண்டு என்று அந்தத் தீர்ப்பில் எழுதினார்கள். 2025 மே மாதம் நம் சென்னை உயர் நீதிமன்றமும், திருமணம் மட்டுமே குடும்பம் அமைக்கும் வழி இல்லை என்று சொல்லியிருக்கிறது.

ஒன்று மட்டும் கவனத்தில் இருக்கட்டும். இனிஷியல் மாறினால் சொத்துரிமை தானாக வந்துவிடாது. உங்கள் கணவர் முறைப்படி தத்து எடுத்தால்தான் பையன் சட்டப்படி அவர் பிள்ளை, வாரிசு. மாற்றாந்தந்தை தத்து எடுப்பதற்கு மத்திய அரசின் தத்தெடுப்பு விதிகளில் தனியாக இடம் உண்டு. உங்கள் மாவட்டக் குழந்தைகள் பாதுகாப்பு அலகில் போய்க் கேளுங்கள், வழி சொல்வார்கள். இனிஷியல் விஷயத்தில் மகனுக்கு விவரம் தெரியும் வயது என்றால் அவனையும் கேட்டுவிடுங்கள்.

கேள்வி: என் மகளுக்குப் பத்து வயது. என் கணவரின் மகனுக்குப் பன்னிரண்டு. நாங்கள் நாலு பேரும் ஒரே வீட்டுக்கு வந்து சில மாதங்கள்தான் ஆகின்றன. சேர்ந்து பார்க்க ஒரு படம் சொல்லுங்கள். (ஒரு வாசகி, வேலூர்)

பதில்: கோரே-எடாவின் ‘அவர் லிட்டில் சிஸ்டர்’ (2015). காமகுரா என்கிற கடலோர ஊர், பழைய வீடு, மூன்று அக்காக்கள். வேறு ஒரு பெண்ணோடு போய்விட்ட அப்பாவின் சாவுக்குப் போன இடத்தில், அவருக்குப் பிறந்த இன்னொரு தங்கையைப் பார்க்கிறார்கள். ரயில் கிளம்பும் நேரத்தில் மூத்தவள், எங்களோடு வந்து இருக்கிறாயா என்று கேட்கிறாள். வந்த பிறகு பெரிதாக ஒன்றும் நடக்காது. மீன் சாப்பிடுகிறார்கள், தோட்டத்துப் பழத்தைப் பறித்து ஊறல் போடுகிறார்கள், சின்னவள் பள்ளியில் பந்து விளையாடுகிறாள். தன் அம்மாவால் இவர்கள் குடும்பம் உடைந்தது என்ற உறுத்தல் அவளுக்கு இருந்துகொண்டே இருக்கும். யாரும் அவளை அழ வைத்து அதைப் பேச வைக்க மாட்டார்கள். மெதுவான படம், பிள்ளைகள் நடுவில் எழுந்து போனால் போகட்டும்.

‘கன்னத்தில் முத்தமிட்டால்’ படத்தை யோசித்தேன். ஒன்பதாவது பிறந்தநாளில் தத்துப்பிள்ளை என்று தெரிந்துகொள்ளும் அமுதா நன்றியோடு அழாமல் கோபப்படுகிறாள், வளர்த்த அம்மாவையே குத்திக் குத்திப் பேசுகிறாள். அந்தக் கோபத்தை அனுமதித்ததற்காக மணிரத்னத்தை எவ்வளவு பாராட்டினாலும் தகும். ஆனால் போர்க் காட்சிகள் இருக்கின்றன, பத்து வயதுக்கு இன்னும் கொஞ்சம் பொறுக்கலாம்.

படம் பார்த்து முடித்ததும் “நாமும் இப்படித்தானே?” என்று பிள்ளைகளிடம் கேட்காதீர்கள். விளக்கைப் போட்டுவிட்டுத் தோசை ஊற்றப் போங்கள். ‘பாய்ஹுட்’ படத்தை, அவர்கள் தூங்கிய பிறகு நீங்களும் உங்கள் கணவரும் மட்டும் பாருங்கள்.